லொரெட்டா வீட்டில் எத்தனை பேர்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன் அண்ணே, இதில் எதையும் நான் கண்ணால் பார்க்கவில்லை. அந்த அம்மாவைப் பார்த்ததில்லை, அவர் பையனைப் பார்த்ததில்லை, அந்த ஊர் எந்தப் பக்கம் இருக்கிறது என்பதையே மேப்பில் தேடித்தான் தெரிந்துகொண்டேன். பாதி, எங்கள் டீமில் இருந்த ஜெசிந்தா சொன்னது. மீதி, ரெகார்டிங்கில் கேட்டது. எங்கள் ஆபீஸில் பேசுகிற ஒவ்வொரு போனும் பதிவாகும். அதைக் கேட்டு மார்க் போடுவது என் வேலை. அதனால் நான் சொல்வதில் குறை இருக்கலாம். ஆனால் நானாக எதையும் சேர்க்கவில்லை.

நீங்கள் கேட்டீர்கள் இல்லையா, "அமெரிக்காவுல ஏழைன்னு யாராச்சும் இருக்கானா தம்பி, இருந்தா அவன் என்ன சம்பளம் வாங்குவான்?" என்று. உங்கள் அக்கா மகன் டெக்ஸாஸில் இருப்பதாகச் சொன்னீர்கள். அவரைக் கேட்டால் வேறு பதில் வரும். எனக்குத் தெரிந்தது இந்த ஒரு வீடுதான். பஸ்ஸுக்கு டயர் மாற்ற இன்னும் நேரமாகும் போலிருக்கிறது. டிரைவர் இப்போதுதான் ஜாக்கிக்கு அலைகிறார். இந்தப் பக்கம் வாருங்கள், இங்கே கொஞ்சம் நிழல் இருக்கிறது.

எங்கள் ஆபீஸ் திருச்சியில் இருக்கிறது. மாடியில் ஜிம், கீழே பாத்திரக்கடை, நடுவில் நாங்கள். அமெரிக்காவில் ஒரு ஆஸ்பத்திரிக்கு வேலை செய்கிறோம். பேர் சொல்லக்கூடாது, எழுதிக் கொடுத்திருக்கிறேன். அங்கே வைத்தியம் பார்த்துக்கொண்டு பில் கட்ட முடியாதவர்கள் ஒரு மனுப் போடலாம். 'என் வீட்டு வருமானம் இவ்வளவுதான், தள்ளுபடி செய்யுங்கள்' என்று. அந்த மனுவை அங்கே யாரும் படிப்பதில்லை. திருச்சியில் நாங்கள்தான் படிக்கிறோம். ஒஹையோவில் ஒருவருக்கு இதய ஆபரேஷன் பில் தள்ளுபடி ஆகுமா ஆகாதா என்பதை ஜெயங்கொண்டத்துப் பையன் முடிவு செய்கிறான். முடிவு என்று சொல்வதுகூடத் தப்பு. விதி முடிவு செய்கிறது. நாங்கள் பொருத்திப் பார்க்கிறோம், அவ்வளவுதான்.

பொருத்திப் பார்க்க இரண்டே கேள்வி. வீட்டில் எத்தனை பேர்? அந்த வீட்டுக்கு வருஷ வருமானம் என்ன? தனி ஆள் என்றால் முப்பதாயிரம் டாலர் வரைக்கும் தள்ளுபடி. இரண்டு பேர் என்றால் நாற்பதாயிரம். இப்படி ஏறிக்கொண்டே போகும். தாண்டினால் கிடையாது.

புதிதாகச் சேர்கிற எல்லோரும் முதல் வாரம் ஒரே காரியத்தைச் செய்வார்கள். டாலரை ரூபாயாக மாற்றிப் பார்ப்பார்கள். எங்கள் பேட்ச்சில் ஒருத்தன் எழுந்து நின்றே கத்தினான். "இங்க பாருங்கடா, இந்தம்மா வருஷத்துக்கு இருபத்து மூணு லட்சம் வாங்குது! இதுக்குப் போயி தர்ம வைத்தியமா? எனக்கு அந்த வேலையை வாங்கிக் குடுங்கடா, நான் ரெண்டு காலையும் வெட்டிக்கறேன்." எல்லோரும் சிரித்தோம். ஜெசிந்தா மட்டும்தான் திரும்பிப் பார்த்து, "வாடகை எவ்வளவுன்னு அடுத்த பக்கத்துல இருக்கு, அதையும் மாத்திப் பாரு" என்றாள். அவன் மாற்றிப் பார்த்துவிட்டு உட்கார்ந்துவிட்டான்.

ஜெசிந்தாவுக்கு லால்குடிப் பக்கம். என்னோடுதான் சேர்ந்தாள். கொஞ்சம் வாய். வேலையில் குறை சொல்ல முடியாது. நான் ஒரு வருஷத்தில் குவாலிட்டிக்குப் போய்விட்டேன், அவள் ஃபைல் பார்க்கிற இடத்திலேயே இருந்தாள். அவள் பார்த்த ஃபைலை நான் பரிசோதிப்பேன். அதற்காக எங்களுக்குள் மனத்தாங்கல் ஒன்றும் கிடையாது. சாயங்காலம் டீ ஒன்றாகத்தான் குடிப்போம்.

அங்கேயும் எல்லோரும் ஒன்றில்லை அண்ணே. போன நவம்பரில் அந்த ஆஸ்பத்திரித் தரப்பிலிருந்து கெவின் என்று ஒரு மேனேஜர் வந்தார். பொன்னாடை போர்த்தி, இலை போட்டுச் சாப்பாடு போட்டோம். நல்ல மனுஷன். கையால் சாப்பிட்டார். சாப்பிட்டுக்கொண்டே போனில் அவர் நாயைக் காட்டினார். பின்னங்காலில் பெரிய கட்டு. முட்டி ஆபரேஷனாம். ஏழாயிரம் டாலர் ஆயிற்றாம். எங்கள் டீம் லீடர் சுகவனேஷ் சார் ரொம்ப மரியாதையாக, "நாய்க்கு இப்போ எப்படி இருக்கிறது சார்?" என்று கேட்டார். நீச்சல் பயிற்சிக்கு அழைத்துப் போகிறார்களாம். ஜெசிந்தா என் காதில், "பரவால்ல, அந்த நாய் நம்மகிட்ட மனுப் போடாது" என்றாள். எனக்குப் புரை ஏறிவிட்டது.

அதற்கு அடுத்த மாதம் வந்ததுதான் லொரெட்டாவின் ஃபைல்.

முதியோர் இல்லத்தில் சமையல் வேலை செய்கிற அம்மா. நாள் முழுக்க நின்று செய்கிற வேலை. சர்க்கரை வியாதி. இடது காலில் புண். ஒரு ஆபரேஷன் ஆகியிருந்தது, அதன் பில் அப்படியே நின்றது. ரத்த ஓட்டத்துக்கு இன்னொரு ஆபரேஷன் செய்யாவிட்டால் பாதம் போய்விடும் என்று டாக்டர் எழுதியிருந்தார். உயிர் போகிற அவசரம் என்றால் உடனே எடுத்துக்கொள்வார்கள். இது தேதி கொடுத்துச் செய்கிற ஆபரேஷன். பழைய பில்லுக்கு ஒரு வழி தெரிகிற வரைக்கும் தேதி கிடையாது என்று பில் பிரிவில் சொல்லிவிட்டார்கள். அதனால் அந்த அம்மாவுக்கு எங்கள் தள்ளுபடி கிடைத்தால்தான் கால். இது எனக்கு அப்போதே தெரியும். மறைக்கவில்லை.

அம்மாவுக்கு வருஷம் இருபத்தேழாயிரம். வீட்டில் எத்தனை பேர் என்ற இடத்தில் 'ஒருவர்' என்று எழுதியிருந்தார். ஜெசிந்தா பார்த்தாள், முப்பதுக்குள் இருக்கிறது, தள்ளுபடி என்று போட்டு அனுப்பிவிட்டாள்.

ஃபைல் என்னிடம் வந்தது. நான் எதையும் கடைசிப் பக்கம் வரைக்கும் படிப்பவன். அங்கே வாடகை ஒப்பந்தமும் அதற்காகக் கொடுத்த வரவு செலவுக் கணக்கும் இருந்தன. அதில் இரண்டு பெயர். லொரெட்டா, டிராவிஸ். டிராவிஸ் மகன். இருபத்தாறு வயசு. கிடங்கில் பொட்டலம் கட்டுகிற வேலை, வருஷம் இருபத்தொன்பதாயிரம். ஒரே வீட்டில் இரண்டு பேர் இருந்துகொண்டு 'ஒருவர்' என்று எழுதினால் என்ன அர்த்தம்? எனக்கு அந்த அம்மா மேல் கோபம்கூட வரவில்லை. நம் ஊரில் எல்லோரும் செய்வதுதானே என்று நினைத்தேன்.

இருந்தாலும் சந்தேகம் என்றால் கேட்டுவிட வேண்டும். சுகவனேஷ் சாரைக் கேட்டேன். அவர் லேப்டாப்பை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

"ஒரே வீடா?"

"ஆமா சார்."

"ஒரே சமையலா?"

"அம்மா சமையல்காரங்க சார். பையன் தனியாவா சமைப்பான்?"

"அப்புறம் என்ன? ஒரே அடுப்புன்னா ஒரே குடும்பம். சேர்த்துப் போடு."

சரியாகத்தான் இருந்தது. ரேஷன் கார்டுக்கும் அதுதானே விதி? என் அண்ணனுக்குக் கல்யாணம் ஆனதும் தனிக் கார்டு கேட்டு எழுதிப் போட்டோம். விசாரணைக்கு வருகிறார்கள் என்று தெரிந்ததும் அப்பா பக்கத்துவீட்டிலிருந்து ஒரு பழைய கேஸ் அடுப்பை வாங்கிவந்து பின்கட்டில் வைத்தார். அண்ணி அதில் பாலை வைத்துக்கொண்டு நின்றாள். வந்தவர் எட்டிப் பார்த்தார், எழுதிக்கொண்டார், போய்விட்டார். அன்றைக்கு மத்தியானம் எல்லோரும் ஒரே சட்டிச் சோறுதான் சாப்பிட்டோம். சிரிக்கிறீர்கள். உங்கள் வீட்டிலும் நடந்திருக்கும்.

ஆக, அம்மாவையும் மகனையும் சேர்த்தேன். இருபத்தேழும் இருபத்தொன்பதும் ஐம்பத்தாறு. இரண்டு பேருக்கு எல்லை நாற்பது. ஜெசிந்தா மேல் ஒரு பிழை போட்டேன். 'மகன் வருமானம் விடுபட்டது.' ஃபைல் மறுக்கப்பட்டது.

ஜெசிந்தா டீக்கடையில் கேட்டாள். "அவன் சம்பளத்துக்கும் அந்தம்மா காலுக்கும் என்னடா சம்பந்தம்?"

"பெத்த அம்மா. கால் போகுதுன்னா குடுக்கமாட்டானா?"

"எதைக் குடுப்பான்? வாடகையில பாதி அவன்தான் கட்டறான். பெட்ரோல், போன், படிக்கப் போய்ப் பாதியில விட்ட காலேஜ் கடன். எல்லாம் ஃபைல்ல இருக்கு, நீதான் கடைசிப் பக்கம் வரைக்கும் படிக்கறவனாச்சே."

"நான் என் சம்பளத்தை அப்படியே வீட்டுக்கு அனுப்பறேன், ஜெசி."

"நீ அனுப்புவ. உன்னை யாரு கேட்டா?"

எனக்கு இன்றைக்கும் அவள் கேள்வி சரியாகப் புரியவில்லை.

மறுப்புக் கடிதம் போனதும் லொரெட்டா போன் செய்தார். கடிதத்தில் இருக்கிற நம்பர் அங்கத்திய நம்பர்தான், ஆனால் அடிப்பது திருச்சியில். அவருக்கு விடிந்து ஆபீஸ் திறக்கிற நேரம், எங்களுக்குச் சாயங்கால டீ. ஜெசிந்தா எடுத்தாள். நான் பிறகு ரெகார்டிங்கில் கேட்டேன். இங்கிலீஷில்தான் பேசினார், நான் நம் பேச்சில் சொல்கிறேன்.

"ஏம்மா, மனு என்னோடது. கால் என்னோடது. இதுல டிராவிஸ் எங்க வந்தான்?"

"அவர் உங்ககூடத்தானே இருக்கார், மேடம்?"

"இருக்கான். தனியா வீடு எடுக்க முடிஞ்சா இருபத்தாறு வயசுல அம்மாவோட இருப்பானா?"

இந்த இடத்தில் நான் ரெகார்டிங்கை நிறுத்திவிட்டுத் திரும்பக் கேட்டேன் அண்ணே. இருபத்தாறு வயசில் அம்மாவோடு இல்லாமல் வேறு யாரோடு இருப்பான்?

"அவன் சம்பளத்தை நான் ஒருநாளும் தொட்டதில்ல. அவன் தனி ஆளு, நான் தனி ஆளு. வீடு மட்டும்தான் ஒண்ணு."

"மன்னிக்கணும் மேடம். விதிப்படி ஒரே வீட்டுல இருக்கறவங்க வருமானத்தைச் சேர்க்கணும்."

"அப்ப அவன் வேற எங்கயாச்சும் போயிட்டா?"

"அப்போ சேர்க்க மாட்டோம்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான் மேடம்."

அந்த பதிலுக்கு நான் முழு மார்க் கொடுத்தேன். தெளிவாக, சுருக்கமாக இருந்தது.

புது வருஷம் பிறந்து ஒரு வாரம் இருக்கும். மறுபடியும் போன். இந்தத் தடவை அந்த அம்மாவின் குரலில் ஒரு சந்தோஷம் மாதிரி. வேலையை முடித்துவிட்டவர் குரல்.

"டிராவிஸ் போயிட்டான்மா. நேத்தோட நாலு நாள் ஆச்சு. இப்ப நான் ஒருத்திதான். என்ன அனுப்பணும் சொல்லு."

"அவரோட புது முகவரிக்கு ஏதாவது சான்று மேடம். வாடகை ரசீது, கரண்ட் பில், எதுவா இருந்தாலும் சரி."

"முகவரியா? முதல்ல ஒரு சிநேகிதன் வீட்டு சோபாவுல படுத்திருந்தான். அந்தப் பையன் பொண்டாட்டிக்குப் பிடிக்கல. இப்ப கார்ல இருக்கான். வேலை செய்யற கிடங்குக்கு வெளிய வண்டி நிறுத்தற இடம் இருக்குல்ல, அங்க."

"கார்லயா?"

"கொஞ்ச நாள்தானே, ஆபரேஷனுக்குத் தேதி குடுத்துட்டா வந்துருவேன்னு சொல்றான். நீ சொல்லும்மா, காருக்கு என்ன ரசீது அனுப்பறது?"

ஜெசிந்தா லைனை ஹோல்டில் போட்டுவிட்டு சுகவனேஷ் சாரிடம் ஓடினாள். நான் அப்போது பக்கத்தில்தான் இருந்தேன். "சார், பையன் கார்ல தூங்கறானாம். நம்பர் பிளேட்டை போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லட்டுமா?" என்று கேட்டாள். அவள் கிண்டலுக்குக் கேட்கவில்லை. சார்தான் அப்படி எடுத்துக்கொண்டார். "காமெடி பண்ணாத ஜெசிந்தா. முகவரிச் சான்று இல்லன்னா பெண்டிங்ல போடு."

பெண்டிங்கில் போட்டாள்.

நீங்கள் இப்போது சொன்னதை நானும் பிறகு யோசித்தேன் அண்ணே. உண்மைதான். நாங்கள் அடுப்பை மட்டும்தான் நகர்த்தினோம். அவர்கள் ஆளையே நகர்த்திவிட்டார்கள். அங்கே விதி என்றால் விதி. சொன்னதை அப்படியே செய்துவிடுகிறார்கள். அது ஒரு நல்ல பழக்கம்தான், என்னைக் கேட்டால்.

அந்த வாரம் ஜெசிந்தா சரியாகச் சாப்பிடவில்லை. ஆஸ்பத்திரியின் கொள்கைப் புத்தகம் ஒன்று இருக்கிறது, பயிற்சியில் எல்லோருக்கும் கொடுப்பார்கள். யாரும் முழுசாகப் படிப்பதில்லை. அவள் பஸ்ஸில் போகும்போதும் வரும்போதும் போனில் வைத்துப் படித்திருக்கிறாள். போகிக்கு முந்தின நாள், கீழே பாத்திரக்கடை வாசலில் என்னைப் பிடித்து நிறுத்தி, போனை முகத்துக்கு நேராக நீட்டினாள்.

பொருள் விளக்கம் என்று கடைசியில் ஒரு பகுதி. அதில் 'வீடு' என்றால் என்ன என்று இருந்தது. தானே சம்பாதித்துத் தானே வரி கட்டுகிற வயது வந்த பிள்ளை, ஒரே கூரையின் கீழ் இருந்தாலும், தனி வீடாகவே கொள்ளப்படுவான். இவ்வளவுதான். அடுப்பைப் பற்றி எதுவும் இல்லை.

"படிச்சியா?" என்றாள்.

"படிச்சேன்."

"அந்தம்மா முதல்லயே சரியாத்தான் எழுதியிருக்காங்க. ஒருவர்னு. பூவரசு, நீ போட்ட பிழையை எடுத்துடு. எடுத்தா ஃபைல் தானா திறந்துக்கும். இன்னைக்கே தள்ளுபடி போட்டுருவேன். அவன் வீட்டுக்குப் போயிடலாம்."

பூவரசன் என் பேர். சொல்ல மறந்துவிட்டேன்.

நான் யோசிக்க வேண்டியிருந்தது அண்ணே. ஒரு பிழையைத் திரும்பப் பெறுவது சின்ன விஷயம் இல்லை. காரணம் எழுத வேண்டும். காரணம் இதுதான் என்று எழுதினால், அதே காரணத்துக்காக நான் பிழை போட்ட மற்ற ஃபைல்கள்? மகளோடு இருக்கிற அப்பா, தம்பியோடு இருக்கிற அக்கா, எத்தனையோ இருக்கும். எல்லாவற்றையும் திறக்க வேண்டிவரும். அது டீமுக்கே கெட்ட பேர். நான் தனி ஆளாக முடிவெடுக்கக்கூடாது. சுகவனேஷ் சார் அன்றைக்கு லீவு, சேலத்தில் அவர் மச்சினிச்சி நிச்சயதார்த்தம். மறுநாள் போகி.

"பொங்கல் முடியட்டும் ஜெசி. சார் வந்ததும் பேசி முறையா எடுத்துடலாம்."

"அங்க பொங்கல் இல்லடா."

"நாலு நாள்தானே."

"கார்ல நாலு நாள்."

"நான் மாட்டேன்னு சொல்லலயே. முறையா செய்யலாம்னுதான் சொல்றேன்."

அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். திட்டுவாள் என்று நினைத்தேன். "ஊருக்குப் போயிட்டு வா. அம்மாவைக் கேட்டதா சொல்லு" என்று மட்டும் சொன்னாள்.

ஊருக்குப் போனேன். அந்தப் பொங்கலுக்குத்தான் அம்மாவுக்குப் பட்டுப்புடவை எடுத்தேன். எங்கள் தெருவில் முதலில் காலேஜ் போனவன் நான். அப்பா சிமெண்ட் மூட்டை சுமக்கிறவர். பக்கத்துவீட்டு மாமா என்னை உட்காரவைத்துக் கேட்டார், "உனக்குக் கீழ எத்தனை பேர்டா?" என்று. எனக்குக் கீழே யாரும் இல்லை, நான் மற்றவர்கள் வேலையைச் சரிபார்க்கிறவன் என்று விளக்கினேன். அவர், "அப்ப எல்லாரும் உனக்குக் கீழதான்" என்றார். அப்பா சிரித்த சிரிப்பை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

ஜெசிந்தா காத்திருக்கவில்லை. மாட்டுப்பொங்கலன்று ஆபீஸுக்கு வந்து, நேராகக் கெவினுக்கே மெயில் போட்டுவிட்டாள். டீம் லீடரைத் தாண்டி, குவாலிட்டியைத் தாண்டி. எங்கள் ஆபீஸில் அப்படி யாரும் செய்ததில்லை. கெவின் ஒரு மணி நேரத்தில் பதில் போட்டார். நல்ல கவனிப்பு, நன்றி, நீங்கள் சொல்வதுதான் சரி, தள்ளுபடி செய்யுங்கள் என்று. கட்டைவிரல் படம் ஒன்றும் போட்டிருந்தார். அவ்வளவு சுலபமாக முடிந்துவிட்டது.

அவள் உடனே லொரெட்டாவைக் கூப்பிட்டாள். நான் திரும்பி வந்து கேட்ட முதல் ரெகார்டிங் அதுதான். ரிங் போய்க்கொண்டே இருக்கிறது. கடைசியில் எடுக்கிறார். பின்னால் யாரோ யாரையோ மைக்கில் கூப்பிடுகிற சத்தம், தள்ளுவண்டி உருளுகிற சத்தம்.

"மேடம், நல்ல செய்தி. உங்க பில் முழுசும் தள்ளுபடி ஆயிடுச்சு. ஆபரேஷனுக்குத் தேதி வாங்கிக்கலாம்."

"ம்."

"மேடம், இன்னொண்ணு. டிராவிஸ் வீட்டுக்கு வந்துரலாம். அவர் வருமானத்தைச் சேர்க்க வேண்டியதில்ல."

"நான் ஆஸ்பத்திரிலதான் இருக்கேன்மா. எனக்கில்ல. அவனுக்கு. முந்தாநாள் காலைல வேலைக்கு வரலன்னு கூட வேலை செய்யற பையன் ஒருத்தன் போய்க் கார் கண்ணாடியத் தட்டியிருக்கான். அசைவில்ல. உடைச்சுத் தூக்கிட்டு வந்தாங்க. மூச்சு இருக்கு. குளிர்ல ரெண்டு கையிலயும் விரலெல்லாம் கறுத்துப் போச்சு. எதெல்லாம் பொழைக்கும்னு இன்னும் ரெண்டு வாரம் பாத்துதான் சொல்லுவாங்களாம்."

அந்த அம்மாவே தொடர்ந்து பேசினார்.

"என்னம்மா சொன்ன? சேர்க்க வேண்டியதில்லயா? எப்போலேர்ந்து? விதி மாறிடுச்சா?"

"இல்ல மேடம்."

"அப்ப முதல்லயே அப்படித்தானா? அவன் போகவே வேண்டியதில்லயா?"

அதற்குப் பிறகு ரெகார்டிங்கில் மௌனம். தள்ளுவண்டிச் சத்தம் மட்டும். போனில் பத்து விநாடிக்கு மேல் பேசாமல் இருக்கக்கூடாது என்பது எங்கள் விதி. 'இன்னும் இணைப்பில் இருக்கிறேன்' என்றாவது சொல்ல வேண்டும். அவள் சொல்லவில்லை. ரொம்ப நேரம் சொல்லவில்லை. அந்த அம்மாதான் கடைசியில் வைத்துவிட்டார்.

நான் அதற்கு மார்க் குறைத்தேன். குறைக்காமல் இருக்க முடியாது. நாளைக்கு வேறு யாராவது அதே ரெகார்டிங்கைக் கேட்டால், ஏன் குறைக்கவில்லை என்று என்னைக் கேட்பார்கள். தெரிந்தவள் என்று விட்டுவிட்டால் அது நேர்மை இல்லை. ஆனால் குறிப்பு எழுதுகிற இடத்தில், 'சூழ்நிலை கடினமானது' என்று எழுதினேன். அப்படி யாரும் எழுதுவதில்லை.

பிறகு மீட்டிங் நடந்தது. கதவைச் சாத்திக்கொண்டு ரொம்ப நேரம் பேசினார்கள். சுகவனேஷ் சார் கெட்டிக்காரர். இது யாருடைய பிழையும் இல்லை, விதியில் ஒரு தெளிவின்மை, இப்போது தெளிவாகிவிட்டது என்று எழுதவைத்தார். அதனால் என் பேரில் எதுவும் ஏறவில்லை. ஜெசிந்தா பேரில் இருந்த பிழையும் அப்படியே இருந்தது. அப்போது இருந்த புரிதலின்படி அது பிழைதானே. பழைய ஃபைல்களைத் திறக்க வேண்டாம், இனி வருவதிலிருந்து பார்த்துக்கொள்ளலாம் என்று முடிவாயிற்று. எனக்கு அந்தக் காலாண்டில் துல்லியத்துக்கான பரிசு வந்தது. கூப்பன். அதில்தான் இந்த பேக் வாங்கினேன்.

ஜெசிந்தா மாசக் கடைசியில் நின்றுவிட்டாள். மேலிடத்தைத் தாண்டி மெயில் போட்டதற்கு வேறு ப்ராஜெக்டுக்கு மாற்றினார்கள், அவள் போகவில்லை. இப்போது ஊரில் ஒரு ஸ்கூலில் இருக்கிறாளாம். நான் போன் செய்தால் எடுப்பதில்லை. நான் அவளுக்கு ஒன்றும் செய்யவில்லை. நாலு நாள் பொறு என்றுதான் சொன்னேன். அந்த நாலு நாளில் எந்த நாளில் விரல் கறுத்தது என்று யாரால் சொல்ல முடியும்?

பையன் என்ன ஆனான் என்றுதானே கேட்கிறீர்கள்? தெரியாது அண்ணே. அம்மாவின் ஃபைல் மூடியாகிவிட்டது. மகனுக்கு அதில் இடம் இல்லை. அவன் பேரில் தனியாக மனு வந்தால் தெரியும். அந்த ஊர்ப் பேர் வருகிறதா என்று தினமும் பார்க்கிறேன். இதுவரைக்கும் வரவில்லை. பொட்டலம் கட்டுகிறவனுக்கு விரல் இல்லாவிட்டால் வருமானம் குறைந்துவிடும், அதனால் தள்ளுபடி நிச்சயம் கிடைக்கும். வந்தால் நான் உடனே பார்த்து அனுப்பிவிடுவேன்.

டயர் மாட்டிவிட்டார்கள் போலிருக்கிறது. ஏறுங்கள், ஜன்னல் பக்கம் நீங்களே உட்காருங்கள்.

ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். அந்த மீட்டிங் முடிந்து வெளியே வந்தபோது எனக்கு ஒரு மாதிரி இருந்தது. சுகவனேஷ் சார் என் தோளைத் தட்டினார். "ஏண்டா மூஞ்சிய இப்படி வச்சிருக்க? அமெரிக்கா காருடா அது. ஹீட்டர் இருக்கும். நம்ம ரூமைவிட சொகுசா இருக்கும். அவன் போடாம தூங்கியிருப்பான், அதுக்கு நாம என்ன பண்ண முடியும்?" என்றார். எனக்கும் அது சரி என்று பட்டது. அன்றைக்கு நன்றாகத் தூங்கினேன். எங்கள் குடும்பத்தில் யாரும் கார் வைத்திருந்ததில்லை, அதனால் எனக்கு அதைப் பற்றித் தெரியாது. பிறகு ஒருநாள் தேடிப் பார்த்தேன். இரண்டு மூன்று இடத்தில் பார்த்து உறுதி செய்துகொண்டேன். காரில் ஹீட்டர் சூடு கொடுக்க வேண்டுமென்றால் இன்ஜின் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். இன்ஜின் ஓட, ராத்திரி முழுக்கப் பெட்ரோல் வேண்டும்.